முறிவிலிருந்து நோய்க்கு: பொருந்தாத காலென்பும் கல்முனைக் கரையின் நோய்ப் பதிவும்

உலக சுகாதார நிறுவனத்தின் சர்வதேச நோய் வகைப்பாட்டின் பத்தாம் திருத்தம், ஒரு கால் முறிவை அது நிகழ்ந்த நாளில் காயங்களுக்குரிய 19ஆம் அத்தியாயத்தில் வைக்கிறது. அதே முறிவு மாதக்கணக்கில் பொருந்தாமல் நின்றுவிட்டால், அதை அங்கிருந்து எடுத்து, தசை, மூட்டு, என்பு ஆகியவற்றின் நோய்களுக்குரிய 13ஆம் அத்தியாயத்தில் சேர்க்கிறது. நோயாளியின் கால் மாறுவதில்லை, அதை முறித்த விபத்தும் மாறுவதில்லை; ஆனால் புள்ளிவிபரத்தில் அவர் விபத்தில் காயமடைந்தவர் என்ற வரிசையிலிருந்து நீங்கி, முதுமையில் என்பு நலிந்தவர்களின் வரிசையில் போய் நிற்கிறார். இலங்கையின் அரச வைத்தியசாலைகள் தங்கள் விடுதி நோயாளரை இந்த வகைப்பாட்டைக் கொண்டே எண்ணுகின்றன என்பதால், இந்த இடமாற்றத்தின் விளைவு அம்பாறைக் கரையோரத்துக்கும் வந்து சேர்கிறது. அங்கே அது பொருட்படுத்தத்தக்கதாவதற்கு ஒரு தனிக் காரணமும் உண்டு. இலங்கையில் நிர்வாக மாவட்டங்கள் 25 ஆக இருக்க, சுகாதாரத் துறையின் அட்டவணைகளில் 26 பிரிவுகள் காணப்படுகின்றன. மேலதிகமான அந்த ஒன்று கல்முனை. அம்பாறை மாவட்டத்தின் கரையோரப் பகுதி கல்முனைப் பிராந்திய சுகாதார சேவைகள் பணிப்பாளரின் கீழ்த் தனியாக நிர்வகிக்கப்படுவதால், மருதமுனை, சாய்ந்தமருது, நிந்தவூர், அட்டாளைச்சேனை, அக்கரைப்பற்று, பொத்துவில் ஆகிய ஊர்களின் நோயும் காயமும் தமக்கென ஒரு வரியில் பதிவாகின்றன. தனி வரி கிடைத்திருக்கும் ஒரு பிரதேசம், அந்த வரியில் எது விழுகிறது, எது விழாமல் போகிறது என்று கேட்பது நியாயமே.

முதலில் பொருந்தாமை என்பது என்னவென்று தெளிய வேண்டும். முறிந்த என்பின் இரு முனைகளுக்கிடையே முதலில் இரத்தம் உறைந்து கட்டுகிறது. பின்னர் அந்த இடத்தில் மென்மையான இணைப்பிழையமும் குருத்தென்பும் தோன்றி, அவை மெல்ல மெல்லச் சுண்ணமேறிப் புது என்புத் திரட்சியாகி, கடைசியில் அந்தத் திரட்சி செதுக்கப்பட்டு என்பு தன் பழைய வடிவத்தை ஏறத்தாழ அடைகிறது. இந்தத் தொடர் எங்கேனும் நின்றுபோய், இனித் தானாகத் தொடராது என்ற நிலை வந்தால் அது பொருந்தாமை. வைத்தியர்கள் நொன்யூனியன் என்பார்கள். தொடர் நிற்கவில்லை, எதிர்பார்த்த வேகத்தில் நகரவில்லை என்றால் அது தாமதப் பொருத்தம். பொருந்திவிட்டது, ஆனால் கோணலாகவோ கட்டையாகவோ பொருந்தியது என்றால் அது பிழைப்பொருத்தம். எப்போது தாமதம் முடிந்து பொருந்தாமை தொடங்குகிறது என்பதற்கு உலகம் முழுவதும் ஒப்புக்கொண்ட ஓர் எல்லை இல்லை. அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் வகுத்த வரையறையின்படி, காயமேற்பட்டு குறைந்தது 9 மாதங்கள் கழிந்திருக்க வேண்டும், அவற்றின் கடைசி 3 மாதங்களில் எக்ஸ்ரேயில் எந்த முன்னேற்றமும் தெரியாதிருக்க வேண்டும். பல சத்திர சிகிச்சை நிபுணர்கள் இவ்வளவு காலம் காத்திருப்பதில்லை. என்பில் பெரிய இடைவெளி விழுந்திருந்தால், 9 மாதம் காத்திருந்து அதைப் பொருந்தாமை என்று அறிவிப்பதில் பொருளும் இல்லை.

காலின் என்புகளில் இந்தத் தொல்லைக்கு அதிகம் ஆளாவது கணைக்கால் உள்ளென்பு. அதன் உட்பக்க முகத்தைத் தடவிப் பார்த்தாலே காரணம் விளங்கும்: முழங்காலுக்குக் கீழிருந்து கணுக்கால் வரை அங்கே தோலுக்கும் என்புக்கும் இடையில் தசையே இல்லை. தசை இல்லாத இடத்தில் முறிந்த என்புக்குச் சுற்றுப்புறத்திலிருந்து வந்து சேரும் இரத்தம் குறைவு. தோல் மெலிதாக இருப்பதால் உடைந்த முனை எளிதில் அதைக் கிழித்துக்கொண்டு வெளியே வருகிறது. இப்படி வெளிக்காற்றோடு தொடர்புபட்ட முறிவு திறந்த முறிவு எனப்படும். திறந்த முறிவுகளைத் தரம் பிரிப்பதற்கு 1976இல் கஸ்டிலோ, அண்டர்சன் ஆகிய இருவரும் வெளியிட்ட முறை இன்றும் விடுதிகளில் வழங்குகிறது: ஒரு சென்ரிமீற்றருக்குக் குறைந்த சுத்தமான காயம் முதல் தரம், அதைவிடப் பெரிதாயினும் சுற்றியுள்ள இழையம் அதிகம் சிதையாதது இரண்டாம் தரம், பெருஞ்சிதைவு கொண்டவை மூன்றாம் தரம். இதில் அம்பாறைக் கரைக்கு நேராகப் பொருந்தும் ஒரு விதி உண்டு. வயலிலோ பண்ணையிலோ சேறு படிய ஏற்பட்ட திறந்த முறிவு, காயத்தின் அளவு எதுவாயினும், மூன்றாம் தரமாகவே கொள்ளப்படும். ஏனெனில் மண்ணிலுள்ள கிருமிகள் என்புக்குள் இறங்கிய பின், அளவுகோலால் காயத்தை அளப்பதில் பயனில்லை. உழவு இயந்திரமும் அறுவடை இயந்திரமும் பிரதான வீதியிலேயே ஓடும் சம்மாந்துறை, அக்கரைப்பற்றுப் பக்கங்களில் இந்த விதி ஏட்டோடு நின்றுவிடும் விதியல்ல.

இனிக் குறியீடுகளுக்கு வரலாம். பத்தாம் திருத்தத்தில் கணைக்கால் முறிவுகள் அனைத்தும் எஸ்82 என்ற தலைப்பின் கீழ் வருகின்றன. உள்ளென்பின் தண்டுப் பகுதி முறிந்தால் எஸ்82.2. தொடையென்பு முறிவு எஸ்72. அதன் தண்டுப் பகுதிக்கு எஸ்72.3. மூடிய முறிவா திறந்த முறிவா என்பதைக் காட்ட மேலும் ஓர் இலக்கம் சேர்க்கலாம், ஆனால் அது விருப்பத்துக்குரியது. எதுவும் எழுதப்படாவிட்டால் முறிவு மூடியது என்றே கொள்ள வேண்டும் என்பது விதி. பொருந்தாமைக்குரிய குறியீடு எம்84.1, பிழைப்பொருத்தத்துக்கு எம்84.0, தாமதப் பொருத்தத்துக்கு எம்84.2. எம்80 முதல் எம்85 வரையான இந்தத் தொகுதியின் பெயர் என்பின் அடர்த்தி, அமைப்புக் கோளாறுகள் என்பதாகும். அதன் முதல் குடிகள் மூப்பினால் என்பு நலியும் நோயாளிகள்.

ஓர் எடுத்துக்காட்டைக் கற்பித்துப் பார்ப்போம். காரைதீவுக்கும் நிந்தவூருக்கும் இடையில் ஏ4 வீதியில் மோட்டார் சைக்கிளில் சென்ற இளைஞர் ஒருவருக்கு உள்ளென்பின் தண்டுப் பகுதி திறந்து முறிகிறது. முதல் அனுமதியில் அவருக்கு எஸ்82.2; அத்துடன் 20ஆம் அத்தியாயத்திலிருந்து, மோட்டார் சைக்கிளோட்டிகளுக்குரிய வி20 முதல் வி29 வரையான வெளிக்காரணக் குறியீடுகளில் ஒன்று. என்பின் நடுக்குழாய்க்குள் நீண்ட உலோகக் கம்பி செலுத்தப்பட்டு வீடு திரும்புகிறார். பத்து மாதம் கழித்து, ஊன்றி நடக்க முடியாத வலியோடு வருகிறார், என்பு பொருந்தவில்லை. இப்போது எம்84.1. கம்பி உடைந்திருந்தால், பொருத்திய சாதனம் பழுதுபட்டதற்குரிய டி84.1 எழுதப்படலாம், அதைச் சுற்றிச் சீழ் பிடித்திருந்தால் டி84.6, சீழ் துளைவழியாக வெளியே வடியும் நாட்பட்ட என்பு அழற்சி என்று வைத்தியர் எழுதியிருந்தால் எம்86.4. எல்லாம் முடிந்து சாதனத்தைக் கழற்ற வருகையில் இசட்47.0. ஓராண்டுக்கு மேலாகிவிட்டால், பழைய முறிவின் பின்விளைவைக் குறிக்கும் டி93.2ஐயும் கூடச் சேர்க்க இடமுண்டு. ஒரே மனிதர், ஒரே கால், ஒரே விபத்து. ஆயினும் நான்கு அத்தியாயங்களில் ஏழெட்டு முகவரிகள். இவற்றுள் எதுவும் தவறான குறியீடு அல்ல என்பதே இங்குள்ள சிக்கல். ஒவ்வொன்றும் அந்தந்த அனுமதியின் தலையாய காரணத்தைச் சரியாகவே சொல்கிறது. அவற்றை ஒரு நூலில் கோப்பதற்கான முடிச்சு மட்டும் எங்கும் இல்லை.

இந்த அமைப்பு இப்படி ஆனதற்கு அதன் பிறப்பே காரணம். 19ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் வில்லியம் ஃபார் இட்ட அடித்தளத்தின்மீது பிரான்சின் ஜாக் பெர்டியோன் 1893இல் முன்வைத்த பட்டியல், மரணக் காரணங்களின் பட்டியல். இறந்தவர் ஒரே முறைதான் இறக்கிறார், ஆகவே ஒருவருக்கு ஒரு காரணம் போதுமானதாயிருந்தது. உலக சுகாதார நிறுவனம் பொறுப்பேற்று 1948இல் கொண்டுவந்த ஆறாம் திருத்தமே உயிரோடிருப்பவரின் நோய்களையும் இந்தப் பட்டியலுக்குள் கொணர்ந்தது. 1990இல் ஏற்கப்பட்ட பத்தாம் திருத்தம் வரையிலும், ஒரு நிகழ்வுக்கு ஒரு தலையாய நிலை என்ற பழைய சிந்தனையே நிலைத்திருக்கிறது. குணமாகாமல் மீண்டும் மீண்டும் வருகிற நோயாளி இந்தச் சிந்தனைக்குள் சௌகரியமாக அடங்கும் ஆள் அல்லர்.

அமெரிக்கா வேறு வழி கண்டது. அது பத்தாம் திருத்தத்தைத் தன் தேவைக்கு விரித்து 2015 ஒக்டோபர் 1 முதல் பயன்படுத்துகிறது; அதில் முறிவுக் குறியீட்டின் ஏழாம் இடத்தில் ஓர் எழுத்து நிற்கும். மூடிய முறிவுக்கு முதல் சிகிச்சையென்றால் ஏ. வழக்கம்போல் ஆறிவருகிறது என்றால் டி. தாமதம் என்றால் ஜி. பொருந்தவில்லை என்றால் கே. கோணலாகப் பொருந்தியது என்றால் பி. திறந்த முறிவு பொருந்தாவிட்டால், கஸ்டிலோ முறையின் முதலிரு தரங்களுக்கு எம், மூன்றாம் தரத்துக்கு என். இந்த ஏற்பாட்டின் சிறப்பு எழுத்துகளின் எண்ணிக்கையில் இல்லை. பொருந்தாத முறிவு காயங்களின் அத்தியாயத்திலேயே தங்குகிறது, வலக்காலா இடக்காலா என்பதும் குறியீட்டிலேயே இருக்கிறது, ஆகவே முதல் நாளின் பதிவும் பத்தாம் மாதத்தின் பதிவும் கடைசி எழுத்தைத் தவிர மற்ற எல்லாவற்றிலும் ஒத்துப்போகக்கூடும் என்பதே அதன் சிறப்பு. ஆனால் அந்த நுட்பம் மருத்துவ ஆர்வத்தால் மட்டும் வளர்ந்ததல்ல. அங்கே குறியீடு காப்புறுதி நிறுவனத்திடம் பணம் கோரும் சீட்டு; ஓர் எழுத்து பிழைத்தால் கொடுப்பனவு திரும்பிவிடும், அதனால் குறியீட்டாளர் என்பதே பயிற்சியும் சான்றிதழும் கொண்ட தனித்தொழில். இலங்கையின் அரச வைத்தியசாலையில் சிகிச்சை இலவசம். குறியீட்டைப் பார்த்து யாரும் யாருக்கும் பணம் கொடுப்பதில்லை. இலவச மருத்துவத்தின் பெரும்பேறு இது. அதன் நிழலில் குறியீடு கவனிப்பாரற்ற எழுத்துவேலையாகவும் ஆகிவிடுகிறது.

அந்த எழுத்துவேலை நடக்கும் விதம் இது. அனுமதிக்கப்படும் ஒவ்வொருவருக்கும் கட்டில் தலைமாட்டில் தொங்கும் பதிவேடு ஒன்று திறக்கப்படுகிறது. வைத்தியசாலையில் எல்லோரும் அதை பி.எச்.டி. என்றே சொல்வார்கள். நோயாளி தமிழில் சொல்வது அதில் ஆங்கிலத்தில், அதுவும் சுருக்கெழுத்தில் விழுகிறது. முறிவு என்ற சொல்லையே வைத்தியர்கள் எழுதுவதில்லை. குறுக்கே இரண்டும் நெடுக்கே இரண்டுமாக நான்கு கோடுகள் கொண்ட ஒரு குறியைப் போட்டு, பக்கத்தில் என்பின் பெயரின் முதல் மூன்று எழுத்துகளையும், வட்டத்துக்குள் வலம் அல்லது இடத்துக்குரிய எழுத்தையும் இடுவார்கள். வீடு திரும்பும் நாளில் முடிவான நோய்ப்பெயர் எழுதப்பட்டு, அந்தப் பதிவேடு மருத்துவப் பதிவு அறைக்குப் போகிறது. அங்குள்ள உத்தியோகத்தர் அதை வாசித்துக் குறியீடிட்டு, விடுதி நோயாளரின் நோய், இறப்பு அறிக்கையில் சேர்க்கிறார். காலாண்டுதோறும் சுகாதார அமைச்சின் மருத்துவப் புள்ளிவிபரப் பிரிவுக்குச் செல்லும் இந்த அறிக்கை இப்போது இணையவழி முறையாகவும் ஆகியிருக்கிறது. குறியீட்டாளர் எக்ஸ்ரேயைப் பார்த்து, இது பொருந்தவில்லை என்று தாமாக முடிவுகட்ட முடியாது, கட்டவும் கூடாது. வைத்தியர் எழுதியதே அவருக்கு எல்லை. ஆகவே பத்தாம் மாதத்திலும் பதிவேட்டில் அந்த நான்கு கோட்டுக் குறியும் என்பின் பெயரும் மட்டும் இருந்தால், அவர் எஸ்82.2 என்றே இடுவார்; புள்ளிவிபரத்தில் கல்முனையில் இன்னொரு புதிய கால் முறிந்ததாகிவிடும். வைத்தியர் கவனத்துடன் பொருந்தாமை என்று எழுதினாலோ, அது எம்84.1 ஆகி விபத்துக் கணக்கிலிருந்து மறைந்துவிடும். முதலாவது மிகையெண்ணிக்கை, இரண்டாவது காணாமற்போதல். அக்கறையுள்ள வைத்தியரின் பதிவு அக்கறையற்றவரின் பதிவைவிடச் சரியானது என்பதில் ஐயமில்லை. ஆனால் அச்சரியான பதிவுதான் விபத்தை மறைக்கிறது என்பது கசப்பான முரண்.

தேசிய அட்டவணைக்கு ஏறும்போது இழப்பு இன்னும் பெருகக்கூடும். உலக சுகாதார நிறுவனத்தின் சுருக்கப்பட்டியல் தொடையென்பு முறிவுக்குத் தனி வரி தருகிறது. கணைக்கால் முறிவையோ, தோள், முழங்கை, மணிக்கட்டு, பாதம் ஆகியவற்றின் முறிவுகளோடு கலந்து, அவயவங்களின் ஏனைய முறிவுகள் என்ற ஒரே வரியில் அடைக்கிறது. காய்பறிக்கத் தென்னையில் ஏறி விழுந்து கை முறிந்தவரும், வீதி விபத்தில் கணைக்கால் சிதைந்தவரும் அங்கே ஒன்று. இலங்கை வைத்தியசாலைகளில் அனுமதிக்கு முதன்மைக் காரணமாக விபத்துக் காயங்களே பல்லாண்டாக இருந்துவருவதை அமைச்சின் ஆண்டு வெளியீடுகள் காட்டுகின்றன. ஆனால் அந்தக் காயங்களில் எத்தனை ஆறாமல் ஆண்டுக்கணக்கில் இழுத்தன என்பதை அதே வெளியீடுகளிலிருந்து யாரும் எடுத்துவிட முடியாது. மேலும், இந்த எண்ணிக்கை ஆட்களை எண்ணுவதில்லை, விடுதியிலிருந்து வெளியேறும் நிகழ்வுகளை எண்ணுகிறது. கல்முனை அஷ்ரப் ஞாபகார்த்த வைத்தியசாலையிலோ கல்முனை வடக்கு ஆதார வைத்தியசாலையிலோ தொடங்கும் ஒருவரின் சிகிச்சை, மட்டக்களப்புப் போதனா வைத்தியசாலைக்கோ கொழும்புக்கோ மாறினால், பின்னைய அனுமதிகள் அந்தந்த மாவட்டத்தின் வரியில் ஏறும். முறிந்தது இங்கே, பொருந்தாமை பதிவாவது அங்கே.

கல்முனைக் கரையில் இப்படி மறையக்கூடியவை எவை என்று பார்த்தால் மூன்று அடுக்குகள் தெரியும். மேலடுக்கு அண்மைக்காலத்து வீதி விபத்துகள். அதற்குக் கீழே 2004 டிசம்பர் 26இன் கடற்கோள். இலங்கை மாவட்டங்களில் உயிரிழப்பு மிக அதிகமாயிருந்தது அம்பாறையிலேயே, அது பத்தாயிரத்தைத் தாண்டியது. அந்நாளில் பத்தாம் திருத்தத்தில் கடற்கோளுக்கென்று தனிக் குறியீடு இருக்கவில்லை. இயற்கையின் ஏனைய சக்திகள் என்ற பொதுத் தலைப்பான எக்ஸ்39க்குள்தான் பேரலை அடங்கியிருந்தது. எக்ஸ்34.1 என்ற தனிக் குறியீடு பின்னர் வந்த இற்றைப்படுத்தலில் சேர்க்கப்பட்டது. அதற்குள் இக்கரையில் அதற்குரியவர்கள் சிகிச்சை முடிந்து வீடு திரும்பியிருந்தார்கள். அடியடுக்கு யுத்தம். வெடிப்பினால் சிதைந்த கால் மிகக் கெட்ட திறந்த முறிவு. பொருந்தாமல் போகும் வாய்ப்பும் அதற்கே அதிகம். யுத்த நடவடிக்கையின் பின்விளைவுக்கு வை89.1 என்றும், மோட்டார் வாகன விபத்தின் பின்விளைவுக்கு வை85.0 என்றும் குறியீடுகள் உள்ளன. எம்84.1க்கு அருகில் இவற்றில் ஒன்றை எழுதினாலே போதும், மறைந்த விபத்து மீண்டும் கண்ணுக்குத் தெரியும். ஆனால் விதிநூல் இவற்றைக் கட்டாயமாக்கவில்லை. கட்டாயமில்லாத ஒன்று நெரிசல் மிக்க விடுதியில் எழுதப்படும் என்று எதிர்பார்ப்பது வீண்.

என்பு பொருந்தாமைக்கு உடலுக்குள்ளிருந்து வரும் காரணங்களும் இதே கதிக்குள்ளாகின்றன. ஊரில் சீனி வருத்தம் என்று சொல்லப்படும் நீரிழிவும், புகைத்தலும், என்பு ஆறுவதைத் தாமதப்படுத்துவன என்பது நிறுவப்பட்ட செய்தி. நோயாளிக்கு நீரிழிவு இருந்தால் அதற்குரிய இ11 இரண்டாம் வரியில் எழுதப்பட வேண்டியது. தலையாய நிலையை மட்டும் எண்ணும் அட்டவணையில் இரண்டாம் வரிக்கு இடமில்லை.

முறிவு நெரிவு வைத்தியரின் பங்கு இன்னும் நுணுக்கமானது. கரையோர முஸ்லிம், தமிழ் ஊர்கள் இரண்டிலும், கால் முறிந்தவரை முதலில் பரம்பரை வைத்தியரிடம் கொண்டுசென்று பத்துப் போட்டு, மூங்கிற்பட்டை வைத்துக் கட்டுவிப்பதோ, வைத்தியசாலையில் பிளாஸ்டர் போட்ட பின்னர் அதை வெட்டிவிட்டு அவரிடம் போவதோ நெடுநாள் வழக்கம். 1961இன் ஆயுர்வேதச் சட்டத்தின் கீழ்ப் பதிவுபெற்ற வைத்தியர்களும் இவர்களுள் உண்டு. விலகாத மூடிய முறிவை அசையாமல் கட்டிவைத்தால் பெரும்பாலும் அது ஆறும். கட்டுபவர் எந்த முறையைச் சேர்ந்தவர் என்பது என்புக்குத் தெரியாது. ஆபத்து இருப்பது திறந்த முறிவிலும், இரத்தவோட்டத்தை நிறுத்துமளவுக்கு இறுகக் கட்டுவதிலும், எக்ஸ்ரே இல்லாமல் அச்சுப் பிசகைக் கவனியாது விடுவதிலும்தான். எந்த வகை முறிவு அவர்கள் கையில் நன்றாக ஆறுகிறது, எது ஆறுவதில்லை என்பதைப் பழிபோடாமல் அறிய ஒரே வழி பதிவு. மேலைத்தேய வைத்தியசாலைகளின் விடுதி அறிக்கையோ அவர்களின் வாசலை எட்டுவதில்லை. ஆறிப்போனவர்கள் எங்கும் எண்ணப்படாமல், ஆறாதவர்கள் மட்டும் வைத்தியசாலைக்கு வருவதால், அங்குள்ள வைத்தியர்கள் நாட்டு வைத்தியத்தின் தோல்விகளை மட்டுமே காண நேர்கிறது. அவர்கள் உருவாக்கும் அபிப்பிராயமும் அந்தப் பாதியிலிருந்தே பிறக்கிறது.

2019 மே மாதம் ஏற்கப்பட்டு 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த பதினோராம் திருத்தம் இந்த முடிச்சுகளில் சிலவற்றை அவிழ்க்க இடம்தருகிறது. அதில் ஒரு தாய்க்குறியீட்டோடு, வலம் இடம், திறந்தது மூடியது, வெளிக்காரணம் முதலிய விபரங்களுக்குரிய துணைக்குறியீடுகளை ஒரே கொத்தாகக் கோக்கலாம். ஆகவே, பொருந்தாமை, வலக்கால், மோட்டார் சைக்கிள் விபத்து, நீரிழிவு ஆகிய எல்லாம் ஒரு நோயாளியின் ஒரே வரியில் ஒன்றாக நிற்க முடியும். ஆயுர்வேதம், சித்தம், யுனானி ஆகிய மருத்துவ முறைகளின் நோய்ப்பெயர்களுக்கான தொகுதியும் அதனோடு இணைக்கப்பட்டு 2024 ஜனவரி 10 அன்று புதுடில்லியில் வெளியிடப்பட்டது. யுனானிக்கு நெடிய மரபுள்ள ஒரு கரைக்கு இது பயன்தரக்கூடும், பரம்பரை வைத்தியர்களின் ஏட்டை யாராவது பேணச் செய்தால்.

ஆயினும் புதிய திருத்தம் இங்குள்ள விடுதிகளுக்கு வரும்வரை காத்திருக்கத் தேவையில்லை. இன்றைய பத்தாம் திருத்தத்தைக் கொண்டே, ஒரு பிராந்திய அலுவலகம் தன் எல்லைக்குட்பட்ட ஆதார வைத்தியசாலைகளுக்கு ஓர் எளிய நடைமுறையை வகுத்துக் கொடுக்கலாம்: பொருந்தாமை என்று எழுதும் எவரும், எந்த என்பு, எந்தப் பக்கம், முதலில் திறந்ததா மூடியதா, காயமேற்பட்ட மாதமும் ஆண்டும், எதனால் ஏற்பட்டது என்ற ஐந்தையும் வெளியேறும் குறிப்பில் எழுத வேண்டும், குறியீட்டாளர் எம்84.1க்குப் பக்கத்தில் டி93இலும் வை85 முதல் வை89 வரையிலும் பொருந்துவதைச் சேர்க்க வேண்டும். இதற்குப் புதிய மென்பொருளோ நிதியோ வேண்டியதில்லை. வேண்டுவது விடுதியில் இளம் வைத்தியரின் ஒரு நிமிடமும், பதிவு அறைக்கும் விடுதிக்கும் இடையில் ஐயம் கேட்டுத் திரும்பிவரக்கூடிய ஒரு வழியும். பின்னதே கடினம். பதிவு உத்தியோகத்தர் ஒருவர் நிபுணரின் கிறுக்கெழுத்தை எடுத்துக்கொண்டு விடுதிக்குப் போய், இது புதிய முறிவா பழையதா என்று கேட்பதை வைத்தியசாலையின் அதிகாரப் படிநிலை இலகுவில் அனுமதிப்பதில்லை. அந்தக் கேள்வி அவருடைய கடமை என்று எழுத்தில் அறிவிக்கப்பட்டால் மட்டுமே அது கேட்கப்படும்.